குணச்சித்திர நடிகரின் வாழ்க்கையை எழுதுவது எப்படி? டி.எஸ். பாலையாவை முன்வைத்து ஒரு வழிகாட்டி

கதாநாயகனின் வாழ்க்கையை எழுத உட்காருபவருக்குத் தரவுகளுக்குப் பஞ்சமிருப்பதில்லை. பேட்டிகள், ரசிகர் மன்ற மலர்கள், பிறந்த நாள் சிறப்பிதழ்கள், உடன் நடித்தவர்களின் நினைவுகள் என்று எல்லாம் தாமாகவே மேசைக்கு வந்து சேரும். படத்தின் எழுத்துப் போடும்போது நான்காவது வரியில் தோன்றி மறையும் பெயருக்கு உரியவரைப் பற்றி எழுதப் புகுந்தால்தான் சிக்கல் தெரியும். அவரைப் பற்றிக் கிடைக்கும் கட்டுரைகள் பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தவையாக இருக்கும்: இன்ன ஊரில் பிறந்தார், நாடகக் கம்பெனியில் சேர்ந்தார், எம்.ஜி.ஆருடன் நடித்தார், சிவாஜியுடன் நடித்தார், காலமானார். யாருடன் நடித்தார் என்று சொல்லிவிட்டால் என்ன செய்தார் என்று சொன்னதாகிவிடும் என்பது இந்தக் கட்டுரைகளின் நம்பிக்கை. அந்த நம்பிக்கையிலிருந்து விடுபட்டு, அந்த நடிகரையே நடுவில் நிறுத்தி எழுதுவதற்கான வழிமுறைகளை, டி.எஸ். பாலையா என்ற ஒருவரை எடுத்துக்காட்டாக வைத்து இங்கே சொல்ல முயல்கிறேன்.

பாலையாவைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம் உண்டு. 1914இல் பிறந்து 1972இல் மறைந்த அவர், 1936இல் வெளியான 'சதி லீலாவதி'யில் தொடங்கி ஏறத்தாழ 36 ஆண்டுகள் திரையில் இருந்தார். வில்லன், நண்பன், சேட்டு, தந்தை, பாகவதர், தவில்காரர் என்று அவர் ஏற்காத வேடம் குறைவு. அவர் நடித்த முக்கியமான படங்களில் பல இன்றும் பார்க்கக் கிடைக்கின்றன. புதிதாக எழுதப் பழகுபவருக்கு இவ்வளவு வசதியான ஆள் வேறொருவர் அமைவது கடினம்.

முதலில் படப்பட்டியல்

வாழ்க்கைக் குறிப்பை எழுதத் தொடங்கும் முன்பு படப்பட்டியலைத் தயாரித்துக்கொள்ள வேண்டும். ஒரு குறிப்பேட்டிலோ கணினியிலோ பத்தி பத்தியாகக் கோடு போட்டு, வெளியான ஆண்டு, படத்தின் பெயர், தயாரித்த நிறுவனம், இயக்குநர், பாத்திரத்தின் பெயர், அந்தப் பாத்திரம் கதாநாயகனுக்கு என்ன உறவு, தகவல் எங்கிருந்து கிடைத்தது ஆகியவற்றைப் பதிவு செய்யுங்கள். கடைசியாக ஒரு பத்தியை ஒதுக்கி, அந்தப் படத்தை நீங்களே பார்த்தீர்களா என்பதை எழுதுங்கள். பார்க்காத படத்தைப் பற்றி 'சிறப்பாக நடித்தார்' என்று ஒரு சொல்லும் எழுதக் கூடாது என்பதை விதியாகவே வைத்துக்கொள்ளலாம்.

இதை நான் பட்டுத்தான் தெரிந்துகொண்டேன். மறைந்த துணை நடிகர் ஒருவரைப் பற்றி முன்பு எழுதியபோது, இணையத்தில் கிடைத்த பட்டியல் ஒன்றை அப்படியே நம்பி, அவர் நடித்ததாகக் குறிக்கப்பட்டிருந்த ஒரு படத்தைப் பாராட்டி ஒரு வாக்கியமும் சேர்த்துவிட்டேன். கட்டுரை வெளியான மறுநாள் அவருடைய உறவினர் ஒருவர் தொலைபேசியில் அழைத்து, "தம்பி, அந்தப் படத்தில் இருப்பவர் எங்கள் சித்தப்பா இல்லை, அதே பெயருடைய வேறொருவர்" என்று பொறுமையாகச் சொன்னார். அவர் கோபித்துக்கொண்டிருந்தால் கூட எனக்கு இவ்வளவு வெட்கமாக இருந்திருக்காது.

பெயர்க் குழப்பம் குணச்சித்திர நடிகர்கள் விஷயத்தில் மிகுதி. பாலையா என்று தேடினால் தெலுங்கு நடிகர் மன்னவ பாலய்யாவின் படங்களும் சேர்ந்து வரும். 'பாலய்யா' என்று தெலுங்கு ரசிகர்கள் செல்லமாக அழைக்கும் நந்தமூரி பாலகிருஷ்ணாவும் இடையில் நுழைவார். பாலையாவின் மகன் ஜூனியர் பாலையா என்ற பெயரிலேயே நீண்ட காலம் நடித்து 2023இல் மறைந்தார். தந்தை இறந்த பின் வெளிவந்த படம் ஒன்று தந்தையின் பட்டியலில் ஏறியிருந்தால், அது மகனுடைய படமா என்று பார்ப்பது முதல் வேலை. பழைய பாட்டுப் புத்தகங்களில் ஒரே பெயர் பாலையா, பாலய்யா, பாலைய்யா என்று பலவிதமாக அச்சாகியிருக்கும் என்பதால், தேடும்போது எல்லா எழுத்துக்கூட்டல்களையும் போட்டுப் பார்க்க வேண்டும்.

அடைமொழிகளும் இப்படித்தான் நமக்கு ஒரே நேரத்தில் உதவியாகவும் தொல்லையாகவும் அமைகின்றன. 'மேஜர் சந்திரகாந்த்' தந்த பெயர் மேஜர் சுந்தரராஜனுக்கும், 'வெண்ணிற ஆடை' தந்த பெயர் மூர்த்திக்கும் ஒட்டிக்கொண்டன. தேங்காய் சீனிவாசனுக்கு நாடக வேடமும், என்னத்தே கன்னையாவுக்கு அவர் இழுத்துச் சொன்ன வசனமும் பெயராயின. அடைமொழி எந்த ஆண்டில் ஒட்டியது என்று கண்டுபிடித்தால், அதற்கு முந்தைய படங்களில் அவரை எந்தப் பெயரில் தேட வேண்டும் என்பதும், எந்த வேடத்தால் மக்கள் அவரை அடையாளம் கண்டார்கள் என்பதும் ஒருசேர விளங்கிவிடும்.

பட்டியலைச் சரிபார்க்கப் பாட்டுப் புத்தகத்தை மிஞ்சிய ஆதாரம் இல்லை என்பது என் கருத்து. திரையரங்கு வாசலில் விற்கப்பட்ட அந்த மெல்லிய புத்தகத்தில் நடிகர்களின் பெயரும் அவர்கள் ஏற்ற பாத்திரமும் எதிரெதிரே அச்சிடப்பட்டிருக்கும். கதைச் சுருக்கம் பாதியில் நின்று 'மீதியை வெள்ளித்திரையில் காண்க' என்று முடியும். சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில், கோட்டையூர் ரோஜா முத்தையா தம் வாழ்நாளெல்லாம் சேர்த்த நூல்களோடு திரைப்படப் பாட்டுப் புத்தகங்களும் துண்டறிக்கைகளும் பாதுகாக்கப்படுகின்றன. புனேயில் 1964இல் தொடங்கப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் படச்சுருள்களோடு சுவரொட்டிகளும் நிழற்படங்களும் உள்ளன. பத்திரிகை விளம்பரங்களுக்கும் விமரிசனங்களுக்கும் கன்னிமாரா நூலகத்தைப் போன்ற பழைய நூலகங்களை நாடலாம். 'குண்டூசி', 'பேசும் படம்' போன்ற பழைய சினிமா இதழ்கள் கிடைத்தால் ஒரு நாள் முழுவதையும் அவற்றுக்கே ஒதுக்கிவிடுங்கள். தமிழ்த் திரை வரலாற்றுத் தொகுப்பாளர் ஃபிலிம் நியூஸ் ஆனந்தன் தொகுத்த பட்டியல்கள் இந்தத் துறையில் யாரும் தாண்டிச் செல்ல முடியாதவை என்றாலும், அவற்றையும் படத்தின் எழுத்துப் பகுதியோடு ஒப்பிட்டுப் பார்ப்பது நல்ல பழக்கம். இரண்டு ஆதாரங்கள் முரண்பட்டால், படத்திலேயே ஓடும் எழுத்தைத்தான் நான் ஏற்பேன்.

நாடகக் கம்பெனிக் காலம்

1930களிலும் 40களிலும் திரைக்கு வந்த நடிகர்களில் பெரும்பாலோர் பாய்ஸ் கம்பெனி எனப்பட்ட சிறுவர் நாடகக் குழுக்களில் வளர்ந்தவர்கள். பாலையாவும் மேடையிலிருந்து வந்தவரே. இந்தப் பகுதியைப் பலர் 'சிறு வயதிலேயே நாடகத்தில் ஆர்வம் கொண்டார்' என்ற ஒரே வரியில் தாண்டிப் போய்விடுகிறார்கள். அந்தக் கம்பெனிகளில்தான் குரலை எறியவும், பாடவும், வாள் சுழற்றவும், வசனத்தை நெட்டுருப் போடவும், அடுத்தவர் வசனம் முடியும் இடத்தைக் காதில் வாங்கித் தன் வசனத்தை எடுக்கவும் கற்றுக்கொடுத்தார்கள். ஆகவே எந்தக் கம்பெனி, வாத்தியார் யார், எந்த வேடங்கள், எத்தனை வயதில் என்பவற்றைத் தனித்தனிக் கேள்விகளாக எடுத்துக்கொண்டு விடை தேடுங்கள். விடை கிடைத்தவற்றை மட்டும் எழுதினாலே போதும்.

'சதி லீலாவதி' இதற்கு நல்ல வாய்ப்பைத் தரும் படம். எஸ்.எஸ். வாசனின் கதையை அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கினார், எம்.கே. ராதா கதாநாயகன். எம்.ஜி.ஆர், கே.ஏ. தங்கவேலு, பாலையா ஆகியோருக்கு அதுவே முதல் படம். இந்தத் தகவலைச் சொல்லும்போது எழுதுபவரின் கை தன்னையறியாமல் எம்.ஜி.ஆர் பக்கம் போய்விடும். நாம் எழுதுவது பாலையாவைப் பற்றி. அந்தப் படத்தில் பின்னாளைய முதலமைச்சர் சிறிய காவல்துறை அதிகாரி வேடத்தில் வந்துபோக, இருபத்திரண்டை எட்டும் இளைஞரான பாலையாவுக்குக் கதையை நகர்த்தும் வில்லன் வேடம் கொடுக்கப்பட்டது என்று திருப்பிச் சொல்லிப் பாருங்கள். அதே தகவல் பாலையாவின் தகவலாகிவிடும். மறு ஆண்டு டங்கன் இயக்கிய 'அம்பிகாபதி'யில் எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு எதிரே வாளேந்தி நின்ற தளபதி ருத்ரசேனனும் பாலையாதான். முதல் இரண்டு ஆண்டுகளிலேயே அவருக்கு எந்த இடம் ஒதுக்கப்பட்டது என்பதை இந்த இரண்டு படங்கள் காட்டுகின்றன.

காட்சியைப் பார்க்கும் முறை

இந்த வழிகாட்டியில் எதையாவது நிதானமாகப் படிக்க நேரமிருந்தால் இந்தப் பகுதியைப் படியுங்கள். குணச்சித்திர நடிகர் நாட்குறிப்பும் தன்வரலாறும் எழுதி வைக்காமல் போயிருக்கலாம். அவருடைய வேலை மட்டும் படத்தில் அப்படியே இருக்கிறது. அதைப் பார்க்கத் தெரிந்துகொண்டால் பாதிப் புத்தகம் கைக்கு வந்த மாதிரி.

ஒரு படத்தை முழுதாக ஒருமுறை பார்த்த பின், அவர் வரும் காட்சிகளை மட்டும் தனியே குறித்துக்கொள்ளுங்கள். எத்தனையாவது நிமிடத்தில் வருகிறார், எத்தனை நிமிடம் இருக்கிறார், யார் பேசும்போது அவர் எங்கே நிற்கிறார் என்று எழுதுங்கள். அடுத்து ஒலியை நிறுத்திவிட்டு அதே காட்சியை ஓடவிடுங்கள். குணச்சித்திர நடிப்பில் பெரும்பகுதி மற்றவர் பேசும்போது நடப்பது. ஒலியை நிறுத்தினால் அது கண்ணுக்குத் துலங்கும். மூன்றாவது முறை, படத்தை மறைத்துவிட்டுக் குரலை மட்டும் கேளுங்கள். மூச்சை எங்கே விடுகிறார், எந்தச் சொல்லை விழுங்குகிறார், எதை நீட்டுகிறார் என்பவை அப்போதுதான் பிடிபடும்.

ஸ்ரீதர் இயக்கி 1964இல் வெளிவந்த 'காதலிக்க நேரமில்லை'யில், படமெடுக்கத் துடிக்கும் மகன் செல்லப்பாவாக நாகேஷும் எஸ்டேட் முதலாளி விஸ்வநாதனாகப் பாலையாவும் நடித்தார்கள். நாகேஷ் வாயாலேயே ஓசைகளை எழுப்பித் திகில் கதை சொல்லும் காட்சியைத் தமிழ் பேசும் வீடுகளில் பார்க்காதவர் அரிது. அந்தக் காட்சியைப் பற்றிப் பேசும்போது எல்லோரும் நாகேஷைத்தான் சொல்வார்கள். அதில் நியாயம் உண்டு. இருந்தாலும் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள். வேண்டாவெறுப்பாகக் கேட்க உட்கார்ந்த மனிதர், தம்மை அறியாமல் கதைக்குள் இழுபட்டு, பயம் முகத்தில் ஏறியபின் அதை மறைக்கவும் மறந்துபோகும் வரை ஒவ்வொரு படியும் பாலையாவின் கண்ணிலும் கழுத்திலும் தெரியும். நாகேஷ் சொல்வது கதையே அல்ல, வெறும் சத்தம். அதைக் கதையாக்குவது எதிரே இருப்பவரின் பயம். அவர் பயப்படாவிட்டால் நமக்குச் சிரிப்பு வராது. இந்த ஒரு வாக்கியத்தை எழுதும் உரிமை, காட்சியை மூன்று முறை பார்த்த பிறகே நமக்குக் கிடைக்கிறது.

அதே படத்தில், தாம் வேலையை விட்டு நீக்கிய அசோக் என்ற இளைஞன் பெரும் செல்வந்தரின் மகன் என்று நம்பவைக்கப்பட்டதும், பாலையா குழைந்து "அசோகர் உங்க மகருங்களா?" என்று கேட்கும் இடம் இன்றும் மக்கள் வாயில் புழங்குகிறது. மகன் என்ற சொல்லோடு 'அர்' என்ற மரியாதை விகுதியைச் சேர்க்கும் வழக்கம் பேச்சுத் தமிழில் இல்லை. பணத்தைக் கண்ட மனிதருக்கு இருக்கிற இலக்கணம் போதவில்லை. 'மகர்' என்று புதிதாக ஒன்றை உண்டாக்கிக்கொள்கிறார். ஒரே ஓர் எழுத்தில் ஒரு மனிதரின் குணம் முழுவதும் வெளிப்படுகிறது. இங்கேதான் எழுதுபவர் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். அந்தச் சொல் வசனம் எழுதியவருடையதா, ஒத்திகையில் பிறந்ததா, படப்பிடிப்பின்போது நடிகரின் வாயில் தாமாக வந்ததா என்பதற்குச் சான்று இல்லாமல் 'பாலையா சேர்த்துக்கொண்ட சொல்' என்று எழுதிவிடக் கூடாது. 'பாலையா சொல்லும் விதத்தில்' என்று எழுதினால் உண்மைக்கும் பழுதில்லை, நடிகருக்கும் குறைவில்லை.

யாருடையது எது என்று பிரித்துப் பார்க்கும் பழக்கத்துக்கு அடுத்த பயிற்சி 1965இல் வெளிவந்த 'திருவிளையாடல்'. பாண்டியன் அவையைச் சவாலுக்கு அழைக்கும் ஹேமநாத பாகவதராகப் பாலையா 'ஒருநாள் போதுமா' பாடும் காட்சியில், குரல் எம். பாலமுரளிகிருஷ்ணாவுடையது, பாட்டு கண்ணதாசனுடையது, இசை கே.வி. மகாதேவனுடையது, எழுதி இயக்கியவர் ஏ.பி. நாகராஜன். இவ்வளவையும் கழித்த பின் பாலையாவுக்கு என்ன மிச்சம் என்று கேட்டுப் பாருங்கள். உட்கார்ந்திருக்கும் தோரணை மிச்சம். உருவிக்கொண்டு ஓடும் ஸ்வரங்களுக்குப் பிசகாமல் வாயையும் கையையும் ஒட்டவைத்த பயிற்சி மிச்சம். எதிரே இருப்பவர்களைப் பாட்டு முடியும் முன்பே தோற்றவர்களாகப் பார்க்கும் பார்வை மிச்சம். இன்னொருவர் குரலைத் தன் தொண்டையிலிருந்து வருவதாக நம்பவைப்பது நடிப்பின் ஒரு தனிக் கிளை. பின்னர் விறகு விற்க வந்தவனின் பாட்டைக் கேட்டு அந்தக் கர்வம் தளர்ந்து, இரவோடு இரவாக ஊரைவிட்டுப் போகும் பகுதியையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால், அதே உடம்பு எப்படிச் சுருங்குகிறது என்பது விளங்கும்.

'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்துக்கும் இதே முறை பொருந்தும். சிவாஜியின் நாதஸ்வரத்துக்கு உண்மையில் வாசித்தவர்கள் மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். பாலையா அதில் தவில்காரர் முத்துராக்கு. தவில் வாசிப்பவர்களை அருகிலிருந்து பார்த்த ஒருவரைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு அந்தக் காட்சிகளைப் பாருங்கள். கை எங்கே சரியாக விழுகிறது, எங்கே ஒப்பேற்றுகிறது என்று அவர் சொல்வதைக் குறித்துக்கொள்ளுங்கள். திரைப்பட விமரிசகர் பத்துப் பேர் சொல்லாததை ஒரு தவில்காரர் சொல்லிவிடுவார்.

ஒரு படம் பிற மொழியில் மறுபடி எடுக்கப்பட்டிருந்தால் அதையும் தவறவிட வேண்டாம். 'காதலிக்க நேரமில்லை'யை ஸ்ரீதரே 1966இல் இந்தியில் 'பியார் கியே ஜா' என்று எடுத்தார். பாலையாவின் இடத்தில் ஓம் பிரகாஷ், நாகேஷின் இடத்தில் மெஹ்மூத். ஒரே இயக்குநர், ஒரே காட்சி, இரு வேறு நடிகர்கள் என்று அமைவது ஆராய்பவருக்கு அரிய வசதி. இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால், காட்சியில் எது எழுதப்பட்டது, எது நடிகர் கொண்டுவந்தது என்பதில் ஓரளவு தெளிவு பிறக்கும்.

வில்லனிலிருந்து அப்பாவுக்கு

குணச்சித்திர நடிகரின் வாழ்க்கையை 'முதலில் வில்லனாக நடித்தார், வயதான பின் தந்தை வேடங்களுக்கு மாறினார்' என்று இரண்டு கட்டமாகப் பிரிப்பது வழக்கமாகிவிட்டது. பட்டியலை ஆண்டு வரிசையில் வைத்துப் பார்த்தால் அந்தப் பிரிவு நிற்காது. 1947இல் எம்.ஜி.ஆர் முதன்முதலாகக் கதாநாயகனாக நடித்த 'ராஜகுமாரி'யில் பாலையாவும் இருந்தார். இரண்டே ஆண்டுகளில், அண்ணாவின் நாடகத்திலிருந்து உருவான 'வேலைக்காரி'யில் (1949) கே.ஆர். ராமசாமிக்கு வழிகாட்டும் நண்பன் மணியாக வந்தார். 'தூக்குத் தூக்கி'யில் (1954) கொச்சைத் தமிழ் பேசும் வடநாட்டுச் சேட்டு. 'பாகப்பிரிவினை'யில் (1959) கிராமத்துக் குடும்பத் தலைவர். நல்லவர், கெட்டவர், கேலிக்குரியவர் எல்லோரும் பன்னிரண்டே ஆண்டுகளுக்குள் மாறி மாறி வருகிறார்கள். ஆகவே கட்டங்களாகப் பிரிப்பதென்றால் வயதை வைத்துப் பிரிக்காமல், அவருக்கு வேலை கொடுத்த நிறுவனங்களையும் இயக்குநர்களையும் வைத்துப் பிரித்துப் பாருங்கள். யார் அவரைத் திரும்பத் திரும்ப அழைத்தார்கள் என்பது ஒரு துணை நடிகரின் வாழ்க்கையில் மிக முக்கியமான செய்தி.

வயதைப் பற்றி இன்னொன்று சொல்ல வேண்டும். திரையில் வயதானவராகத் தெரிந்தவர் அப்போது உண்மையில் என்ன வயதில் இருந்தார் என்று ஒவ்வொரு படத்துக்கும் கணக்கிடுங்கள். வி.கே. ராமசாமி 'நாம் இருவர்' (1947) படத்தில் கிழவராக நடித்தபோது அவருக்கு இருபத்தோரு வயதுதான். 'காதலிக்க நேரமில்லை' வந்த ஆண்டில் பாலையா ஐம்பதைத் தொட்டுக்கொண்டிருந்தார். வேடத்தின் வயதுக்கும் ஆளின் வயதுக்கும் உள்ள இடைவெளியைச் சொல்லும் ஒரு வரி, ஒப்பனையையும் உடல்மொழியையும் பற்றி ஒரு பக்கம் எழுதுவதைவிட அதிகம் சொல்லிவிடும்.

பேட்டி காணும்போது

குடும்பத்தாரிடம் போய் 'அவர் எப்படிப்பட்ட மனிதர்?' என்று கேட்டால் 'தங்கமான மனுஷன்' என்ற விடைதான் வரும். அது பொய்யில்லை, ஆனால் அதை வைத்து ஒரு வரியும் எழுத முடியாது. பொருளைப் பற்றிக் கேளுங்கள். எந்த ஸ்டூடியோவுக்கு எத்தனை மணிக்குக் கிளம்புவார், கால்ஷீட் கணக்கை யார் எழுதி வைத்தார்கள், வசனத்தை வீட்டில் படிப்பாரா அல்லது தளத்தில்தான் வாங்கிக்கொள்வாரா, ஒட்டு மீசை வைத்த பெட்டி எங்கே, சம்பள பாக்கி வராத மாதத்தில் மளிகைக் கடைக்காரர் என்ன சொன்னார் என்று கேட்டால் பேச்சு தானாகத் திறந்துகொள்ளும். வீட்டுப் பெரியவர்களிடம் ஒலிப்பதிவுக் கருவியை எடுக்கும் முன்பே, "அம்மா, இதைப் பதிவு பண்ணிக்கலாமா?" என்று கேட்டு இசைவு பெற்றுக்கொள்ளுங்கள், பிறகு அவர் நிறுத்தச் சொல்லும் இடத்தில் நிறுத்துங்கள். உதவி இயக்குநர்கள், ஒப்பனைக்காரர்கள், படத்தொகுப்பு அறையில் வேலை செய்தவர்கள் ஆகியோரையும் தேடிப் போக வேண்டும். கதாநாயகனைச் சுற்றி நின்ற கூட்டம் பார்க்காத பலவற்றை அவர்கள் பார்த்திருப்பார்கள்.

ஒரே கதை இரண்டு பேர் வாயில் இரண்டு விதமாக வரும். மூன்றாமவர் அதையே வேறு நடிகரைப் பற்றிச் சொல்வார். சினிமா உலகில் கதைகள் ஆள் மாறிக் குடியேறுவது வழக்கம். அப்படிப்பட்ட கதை சுவையாக இருந்தால் விடவும் மனம் வராது. 'இப்படி ஒரு கதை சொல்லப்படுவதுண்டு' என்று சொல்லி, யார் சொன்னது என்பதையும் சேர்த்து எழுதுங்கள். சான்று கிடைக்காத கதையில் வேறொருவரின் பெயருக்குக் களங்கம் வருமென்றால் அதைக் குறிப்பேட்டோடு விட்டுவிடுவது நல்லது. குடிப்பழக்கம், கடன், இரண்டாவது குடும்பம் போன்றவை எழும்போது, அவருடைய தொழிலைப் புரிந்துகொள்ள இது தேவையா என்று கேட்டுக்கொள்ளுங்கள். தேவையில்லை என்றால் வாசகரின் ஆவலைத் தீர்ப்பதற்காக மட்டும் அதை எழுத வேண்டியதில்லை.

விருதுகள் பற்றிச் சுருக்கமாக

பழைய நடிகர்களின் கட்டுரைகளில் 'தகுதியிருந்தும் தேசிய விருது கிடைக்கவில்லை' என்ற புலம்பல் அடிக்கடி தென்படுகிறது. சிறந்த துணை நடிகருக்கான தேசிய விருது 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்துதான் வழங்கப்படுகிறது. பாலையா மறைந்து அப்போது பன்னிரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. இல்லாத விருதை யாரும் மறுத்துவிடவில்லை. விருது இருந்த இடத்தில் அதைத் துல்லியமாகச் சொல்லுங்கள்: எஸ்.வி. ரங்காராவ் 'நர்த்தனசாலா' என்ற தெலுங்குப் படத்தில் ஏற்ற கீசகன் வேடத்துக்கு ஜகார்த்தா திரைப்பட விழாவில் பரிசு பெற்றார் என்று எழுதினால் போதும், 'உலகமே வியந்தது' என்று நீட்ட வேண்டாம்.

எழுதும்போது

தரவுகள் சேர்ந்த பின், பிறந்த ஊரிலிருந்து தொடங்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. நன்கு அறியப்பட்ட ஒரு காட்சியில் தொடங்கி, அந்தக் காட்சிக்கு அவரைக் கொண்டுவந்து சேர்த்த ஆண்டுகளைப் பின்னோக்கிச் சொல்லலாம். 'ஈடு இணையற்ற', 'நடிப்பின் சிகரம்' போன்ற தொடர்களை எழுதும் ஆசை வரும்போதெல்லாம், அந்த இடத்தில் அவர் கை என்ன செய்தது என்று எழுதிப் பாருங்கள். பாராட்டு தேவைப்படாமலே போய்விடும். கதாநாயகர்களின் பெயர்கள் வரும் இடங்களையும் எண்ணிப் பாருங்கள். பாலையாவைப் பற்றிய கட்டுரையில் சிவாஜியின் பெயர் பாலையாவின் பெயரைவிட அதிகமாக வந்திருந்தால், கட்டுரை கைமாறிவிட்டது என்று பொருள்.

எல்லாப் படங்களையும் ஒரே அளவில் சொல்லவும் முயல வேண்டாம். ஐந்தாறு படங்களை விரிவாக எழுதி, மற்றவற்றைக் கடைசியில் பட்டியலாகத் தந்தால் வாசகர் நன்றி சொல்வார். பட்டியலில் நீங்கள் பார்க்காத படங்களுக்கு ஓர் உடுக்குறி (*) இட்டுவிடுங்கள். அடுத்து எழுத வருபவருக்கு அது பெரிய உதவி.

படங்களை வெளியிடும்போது பதிப்புரிமையைக் கவனிக்க வேண்டும். இந்தியச் சட்டப்படி ஒரு திரைப்படத்தின் உரிமை, அது வெளியான ஆண்டு முடிந்து 60 ஆண்டுகள் வரை நீடிக்கும்; பாட்டுக்கும் வசனத்துக்கும் கணக்கு வேறு, எழுதியவர் மறைந்த ஆண்டை ஒட்டியது. குடும்பத்தார் தரும் நிழற்படத்தைக் கூட, எடுத்தவர் யார் என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்வது பின்னால் வரும் மனக்கசப்பைத் தவிர்க்கும்.

நிழற்படத்தின் கீழே எழுதும் குறிப்பில் படத்தின் பெயரும் ஆண்டும் இருக்கட்டும். இடமிருந்து வலமாக நிற்பவர்கள் ஒவ்வொருவரின் பெயரும் இருக்கட்டும். நட்சத்திரத்தின் பெயரை மட்டும் போட்டு 'மற்றும் பலர்' என்று முடித்த குறிப்புகளால்தான், பழைய இதழ்களில் நமக்கு வேண்டியவரின் முகம் இருந்தும் பெயர் இல்லாமல் போயிருக்கிறது. பெயர் தெரியாத முகம் ஒன்று நடுவில் இருந்தால், 'இடமிருந்து மூன்றாவதாக நிற்பவர் யாரென்று அறிந்தவர்கள் தெரிவிக்கவும்' என்று ஒரு வரி சேர்த்துவிடுங்கள். யாரோ ஒரு வீட்டிலிருந்து, பெரும்பாலும் ஒரு பேத்தியிடமிருந்து, பதில் வரும்.